எஸ்தர் வில்லியம்ஸ்: திறமை அவருடையது, தண்ணீர் யாருடையது?

நீச்சலால் ஹாலிவுட் நட்சத்திரமான எஸ்தர் வில்லியம்ஸைப் பற்றி எழுத உட்காருபவர்கள் அவருடைய அழகில் தொடங்குவார்கள், இல்லையென்றால் அவர் கழுத்து முறிந்த கதையில். இந்த ஆய்வை ஒரு தொட்டியில் தொடங்குவதுதான் எனக்கு வசதி. லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய கல்வர் சிட்டியில் எம்ஜிஎம் ஸ்டுடியோவின் 30ஆம் எண் தளத்துக்குள் அவருக்காகக் கட்டிய தொட்டி அது. பக்கத்துக்குச் சுமார் 90 அடி, ஆழம் 20 அடி, செலவு அந்தக் காலத்து இரண்டரை லட்சம் டாலர். நிரப்ப நாற்பது லட்சம் லிட்டருக்கு மேல் தண்ணீர் வேண்டும். நீருக்குள்ளிருந்து நடிகர்களை மேலே தூக்க ஹைட்ராலிக் மேடை, மேலிருந்து படம் பிடிக்கத் தனி கிரேன் எல்லாம் உண்டு.

அந்தத் தொட்டி இருந்தவரை அவர் உச்ச நட்சத்திரம். 1950களின் நடுவில் எம்ஜிஎம்மை விட்டு வெளியே வந்ததும் தொலைக்காட்சி அவரைக் கூப்பிட்டது. 1956இல் ஒரு பெரிய நீர்க்காட்சி, 1960இல் இன்னொன்று, இரண்டும் என்பிசி அலைவரிசையில். பார்ப்பதற்கு ஆள் இல்லாமல் போகவில்லை. ஆனாலும் அது ஒரு தொழிலாக நிலைக்கவில்லை. ஏன் என்பதுதான் கேள்வி.

வயதாகிவிட்டது என்பது வழக்கமாகச் சொல்லப்படும் காரணம். 1960இல் அவருக்கு 39 வயது. நடிகைகளை ஹாலிவுட் ஒதுக்கத் தொடங்கும் வயது அது, மறுக்கவில்லை. ஆனால் தொலைக்காட்சி அதே ஆண்டுகளில் அவரைவிட மூத்தவர்களை வாரா வாரம் வீட்டுக்கூடத்துக்குக் கொண்டுவந்துகொண்டிருந்தது. ரசனை மாறிவிட்டது என்பார்கள் சிலர். தண்ணீருக்குள் நடக்கும் கதைகள் அப்போதுதான் டிவியில் சக்கைப்போடு போட்டன, அதற்குப் பிறகு வருகிறேன். என் கணக்கில் இரண்டுமே பாதிக் காரணங்கள்தான். மீதிப் பாதி தண்ணீரின் செலவில் இருக்கிறது.

பந்தயத்திலிருந்து மேடைக்கு

1921 ஆகஸ்ட் 8 அன்று கலிஃபோர்னியாவின் இங்கிள்வுட்டில் பிறந்தவர், ஐந்து பிள்ளைகளில் கடைக்குட்டி. வீட்டுக்குப் பக்கத்திலிருந்த பொதுக் குளத்தில் இறங்க 5 சென்ட் கட்டணம். அதற்காக அங்கேயே துண்டுகளை எண்ணி அடுக்கும் வேலை பார்த்தார். குளத்தின் உயிர்காப்பாளர்கள் ஓய்வு நேரத்தில் அவருக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்தார்கள். அப்போது பெரும்பாலும் ஆண்களே நீந்திவந்த பட்டர்ஃபிளையும் அதில் சேர்த்தி. 1939இல் 100 மீட்டர் ஃப்ரீஸ்டைலில் தேசிய சாம்பியன். அடுத்த இலக்கு 1940 ஒலிம்பிக். அது முதலில் டோக்கியோவுக்குப் போனது, பிறகு ஹெல்சின்கிக்கு மாறியது, கடைசியில் போரால் ரத்தானது.

ஒலிம்பிக் இல்லையென்றால் அன்றைய நீச்சல்காரருக்குப் பிழைப்பும் இல்லை. பந்தயத்தில் காசு வாங்கினால் அமெச்சூர் தகுதி போய்விடும். ஒரு பெரிய துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்திருந்தவரை அங்கிருந்துதான் பில்லி ரோஸின் ஆட்கள் கூட்டிப்போனார்கள். ரோஸ் நடத்திவந்த 'அக்வாகேட்' என்ற நீர்க்காட்சி 1937இல் கிளீவ்லாந்தில் தொடங்கி 1939இல் நியூயார்க் உலகக் கண்காட்சிக்குப் போய், 1940இல் சான் ஃபிரான்சிஸ்கோ விரிகுடாவின் டிரெஷர் தீவுக்கு வந்திருந்தது. இசைக்குழு, குதிப்பவர்கள், அணியணியாக நீந்தும் பெண்கள், நடுவில் ஒரு ஜோடி. அந்த ஜோடியில் ஆண் ஐந்து ஒலிம்பிக் தங்கம் வாங்கி டார்ஜானாக நடித்துவந்த ஜானி வைஸ்முல்லர். பெண் எஸ்தர்.

இங்கேதான் அவர் நீச்சலை மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது. வேகமாக நீந்துபவர் முகத்தைத் தண்ணீரில் புதைத்துக்கொள்வார், அப்போது உடல் ஒரே மட்டத்தில் கிடக்கும், நீரின் எதிர்ப்பு குறையும். பார்வையாளருக்கு அதில் தெரிவது ஒரு தொப்பியும் இரண்டு கையும்தான். முகம் தெரிய வேண்டுமானால் தலையையும் தோளையும் வெளியே தூக்கி நீந்த வேண்டும். தலை ஏறினால் இடுப்பு இறங்கும், கால்கள் இருமடங்கு உழைக்க வேண்டும். போதாததற்குச் சிரிக்கவும் வேண்டும். ரோஸ் கேட்டது அழகான நீச்சல். வேகமாக நீந்தும் பலம் இல்லாதவரால் அழகாகவும் நீந்த முடியாது என்று தான் பதில் சொன்னதாக எஸ்தர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். சரியான பதில் என்றுதான் படுகிறது. அவருக்கு முன்னும் பின்னும் தண்ணீரில் இறக்கப்பட்ட அழகிகள் ஏராளம். தேசிய சாம்பியனின் தோள்பட்டையோடு இறங்கியவர்கள் குறைவு.

தொட்டிக்குள் வேலை

1941இல் எம்ஜிஎம் ஒப்பந்தம். அதில் இரண்டு நிபந்தனைகளை அவரே கேட்டு வாங்கினார். ஒன்று, தினமும் நீந்துவதற்கு பெவர்லி ஹில்ஸ் ஹோட்டல் குளத்துக்கு அனுமதிச் சீட்டு. இரண்டு, ஒன்பது மாதம் கேமரா முன்னால் நிறுத்தக் கூடாது, அதற்குள் நடிப்பும் பேச்சும் பாட்டும் நடனமும் கற்றுக்கொள்ள வேண்டும். முதல் நிபந்தனையைக் கவனியுங்கள். அப்போதே தனக்கு என்ன வேண்டும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது: தண்ணீர்.

1942இல் சின்ன வேடம். 1944இல் வந்த 'பேதிங் பியூட்டி' முதலில் ரெட் ஸ்கெல்ட்டனை மையமாக வைத்து எடுத்த கல்லூரி நகைச்சுவை. எஸ்தரின் நீச்சல் காட்சிகளைப் பார்த்த ஸ்டுடியோ படத்தின் பெயரையே மாற்றியது, விளம்பரத்தில் அவரை முன்னே நிறுத்தியது. அப்புறம் பத்தாண்டுக்கும் மேலாக ஏறுமுகம்.

அந்த வேலை எப்படி நடந்தது என்பதைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்க்க வேண்டும். ஏனென்றால் தொலைக்காட்சியில் என்ன சிக்கியது என்பது இங்கேதான் புரியும்.

முதலில் தலைமுடி. வாஸ்லினையும் பேபி ஆயிலையும் சூடாக்கிக் கலந்து தலை முழுக்கத் தேய்ப்பார்கள். முடியைப் பின்னி இறுக்கி, மேலே சவுரிப் பின்னல்களை ஊசிகளால் குத்தி நிறுத்துவார்கள். நீரிலிருந்து எழும்போது ஒரு மயிரும் கலையாமல் இருந்ததன் ரகசியம் அவ்வளவுதான். அடுத்தது மேக்கப். கெட்டியான க்ரீமை முகம், கழுத்து, கை, கால் என்று உடம்பெல்லாம் பூசி, மேலே பவுடரை அள்ளிப் போட்டு, அது இறுகுவதற்கு ஷவரில் நிறுத்துவார்கள். இத்தனைக்கும் பிறகுதான் தொட்டி. மாலையில் இதையெல்லாம் கழுவி எடுப்பது தனி வேலை.

அடுத்து சிரிப்பு. நீருக்குள் கண்ணாடி இல்லாமல் கண்ணைத் திறந்தால் எதிரே இருப்பது மங்கலான நிற ஒழுக்கல்தான். கேமரா எங்கே என்று தெரியாது, குத்துமதிப்பாக அந்தப் பக்கம் திரும்பிச் சிரிக்க வேண்டும். உதடு விரியும்போது மூக்கில் தண்ணீர் ஏறாமலிருக்கக் காற்றை நூல் பிடித்தாற்போல் மெல்ல விட வேண்டும். குமிழி பெரிதாக வந்தால் காட்சி கெட்டது. இன்றைய ஒலிம்பிக் கலைநீச்சல் வீராங்கனைகள் மூக்கில் கிளிப் மாட்டிக்கொள்கிறார்கள், முடியை ஜெலட்டின் காய்ச்சி ஊற்றி ஒட்டிவிடுகிறார்கள். அண்மைக் காட்சியில் முகத்தைக் காட்ட வேண்டிய நடிகைக்குக் கிளிப் கிடையாது.

பிறகு காது. 20 அடி ஆழத்தில் செவிப்பறை மீது கூடுதலாக அழுத்துவது வளிமண்டல அழுத்தத்தில் அரைப்பங்குக்கு மேல். ஒரு முறை போய்வந்தால் பரவாயில்லை. ஒரே காட்சிக்கு நாள் முழுக்க இறங்கி ஏறினால்? அவருக்குச் செவிப்பறை பலமுறை கிழிந்திருக்கிறது.

ஆபத்தில் பெரியது 1952இல் வந்த 'மில்லியன் டாலர் மெர்மெய்ட்' படப்பிடிப்பில் நேர்ந்தது. ஆஸ்திரேலிய நீச்சல்காரி அனெட் கெல்லர்மனின் கதை அது, நீர்க்காட்சிகளை அமைத்தவர் நடனக் காட்சி இயக்குநர் பஸ்பி பெர்க்லி. தங்க ஜிகினா தைத்த உடை, தலையில் உலோகக் கிரீடம், உயரமான மேடையிலிருந்து தலைகீழாகக் குதிக்க வேண்டும். அப்படிக் குதிப்பவர் கையால் நீரைப் பிளந்து அந்த வழியே தலையை நுழைப்பார். கிரீடம் அந்த வழியில் நுழையாது, நீரில் அடிபட்டுத் தலையைப் பின்னால் தள்ளும். கழுத்தில் மூன்று எலும்பு முறிந்து ஆறு மாதம் உடல் முழுக்க மாவுக்கட்டில் கிடந்தார். குதிக்கும்போதே நடுக்காற்றில் இது சரிவராது என்று தோன்றியதாகப் பிறகு அவர் எழுதினார். உடையை வடிவமைப்பவர்களுக்கு நீச்சல் தெரியாது, நீச்சல் தெரிந்தவரிடம் யாரும் கேட்கவில்லை.

இவ்வளவையும் தாங்கியது ஒரே ஒரு அமைப்பு: தொட்டி, மேக்கப் துறை, மருத்துவர், ரீடேக் எடுக்கும் நேரம், காயம் ஆறும்வரை காத்திருக்கும் சம்பளம். எல்லாம் ஒரே கூரையின் கீழ், ஒரே முதலாளியின் கணக்கில். நனைந்தால் நட்சத்திரம், காய்ந்தால் இல்லை என்று நகைச்சுவை நடிகை ஃபானி பிரைஸ் கிண்டலடித்ததாகச் சொல்வார்கள். கிண்டல் நடிப்பைப் பற்றியது. ஆனால் ஒரு வணிகக் குறிப்பாக எடுத்துக்கொண்டால் அது கச்சிதமாகப் பொருந்துகிறது. அவருடைய மதிப்பு நனைப்பவரிடம் இருந்தது.

வெளியேற்றம்

1940களின் கடைசியிலிருந்தே திரையரங்கக் கூட்டம் சரிந்துவந்தது. தொலைக்காட்சி வீட்டுக்கு வீடு நுழைந்தது. திரையரங்குகளைக் கையில் வைத்திருந்த பெரிய ஸ்டுடியோக்கள் அவற்றைப் பிரித்து விற்க வேண்டும் என்ற நிலைமையை 1948 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு உண்டாக்கியது. செலவைக் குறைக்கப் பார்க்கிற கணக்கர் கண்ணில் முதலில் படுவது நாற்பது லட்சம் லிட்டர் தண்ணீர்தான். 1955இல் ஹன்னிபால் காலத்து ரோமைக் களமாக வைத்து எடுத்த 'ஜூபிட்டர்ஸ் டார்லிங்' ஓடவில்லை. அடுத்து கொடுத்த படத்தை அவர் மறுத்தார், எம்ஜிஎம் அதை ஒப்பந்த மீறல் என்றது. வரிக்காக ஒத்திவைத்திருந்த சுமார் 30 லட்சம் டாலர் ஊதியம் அதோடு கைவிட்டுப் போனதாக அவர் கணக்குச் சொல்கிறார்.

உலர்ந்த படங்களிலும் நடித்துப் பார்த்தார். 1956இல் யுனிவர்சலுக்காக ஒரு திகில் படம், பிறகு இன்னும் ஒன்றிரண்டு. அவற்றில் சொல்ல அதிகமில்லை.

சின்னத்திரையில்

1956இல் 'அக்வா ஸ்பெக்டக்கிள்' என்ற பெயரில் தன் சொந்த நீர்க்காட்சியை ஊர் ஊராகக் கொண்டுபோனார், லண்டன் வரைக்கும். அதே பெயரிலேயே என்பிசி அதை ஒளிபரப்பியது. வாரத்தொடர்களுக்கு நடுவே பிரம்மாண்டமான ஒற்றை நிகழ்ச்சிகளைப் போட்டு மக்களை இழுக்கும் உத்தியை என்பிசி அப்போது கையாண்டுவந்தது. ஆர்சிஏ தன் வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளை விற்கவும் கண்ணைப் பறிக்கும் நிகழ்ச்சிகள் தேவைப்பட்டன. என்பிசியின் தாய் நிறுவனம் அதுதான்.

எதிரே இருந்த தடைகளைப் பாருங்கள். ஆர்சிஏவின் முதல் வண்ணப் பெட்டி 1954இல் வந்தபோது விலை 1,000 டாலர். பெரும்பாலான வீடுகளில் இருந்தது கறுப்பு-வெள்ளைதான். பெர்க்லியின் காட்சியில் சிவப்பும் மஞ்சளுமாகப் புகை எழும்ப, அதற்கு நடுவே தங்க உடையில் எஸ்தர் எழுவார். அதில் நிறத்தை எடுத்துவிட்டால் மிஞ்சுவது சாம்பல் நிற மேகமும் சாம்பல் நிறப் பெண்ணும். மேலிருந்து எடுக்கும் காட்சியில் பல பேர் கைகோத்துப் பூவாக விரிவது அரங்கத் திரையில் மலைப்பு. 21 அங்குலப் பெட்டியில் அது சிந்திய கடுகு.

அளவையும் நிறத்தையும் காலம் சரிசெய்யும். சரிசெய்ய முடியாதது நேரம். சினிமாவில் நனைந்த தலையோடு ஒரு காட்சி, காய்ந்த தலையோடு அடுத்தது. நடுவில் மூன்று மணி நேரம் ஒப்பனை அறையில் போனது பார்ப்பவருக்குத் தெரியாது. டிவியிலோ விளம்பரம் போகிற ஒன்றிரண்டு நிமிடத்துக்குள் அடுத்த உடையில் நிற்க வேண்டும். வாஸ்லினைக் கழுவ முடியுமா அதற்குள்? அதனால் நீர்க்காட்சி என்ற பெயரில் வரும் நிகழ்ச்சியிலும் நட்சத்திரம் நனையும் நேரம் குறைந்து, விருந்தினர்களின் பாட்டும் நகைச்சுவையும் இடத்தைப் பிடித்துக்கொள்ளும்.

பணக் கணக்கு இதைவிடக் கடுமையானது. சினிமாவுக்குப் போட்ட தொட்டிச் செலவு, படம் நாடு நாடாக ஓடும்போது திரும்பி வரும். அடுத்த படத்துக்கும் அதே தொட்டி. அன்றைய டிவியில் ஒரு சிறப்பு நிகழ்ச்சி ஒரு ராத்திரிதான். விளம்பரதாரர் அந்த ஒரு ராத்திரிக்குத்தான் பணம் கொடுத்தார். எந்த அலைவரிசையும் அதற்காகத் தொட்டி கட்டாது.

கட்டாதபோது என்ன செய்வது? தண்ணீர் ஏற்கெனவே இருக்கும் இடத்துக்குப் போவது. 1960 ஆகஸ்டில் வந்த இரண்டாம் நிகழ்ச்சியின் பெயரிலேயே இடம் வந்துவிட்டது: 'எஸ்தர் வில்லியம்ஸ் அட் சைப்ரஸ் கார்டன்ஸ்'. ஃபுளோரிடாவின் விண்டர் ஹேவனில் டிக் போப் 1936இல் திறந்த பூங்கா அது. ஏரியில் நீர்ச்சறுக்கு வீரர்கள் ஒருவர் தோளில் ஒருவர் ஏறிப் பிரமிடாகப் போவதுதான் அப்போது அதன் அடையாளம். விளம்பரத்தில் போப் கெட்டிக்காரர், யார் கேமராவோடு வந்தாலும் கதவைத் திறந்துவிடுவார். எஸ்தரின் 1953 படமான 'ஈஸி டு லவ்' அங்கேதான் எடுக்கப்பட்டது. அதற்காக ஃபுளோரிடா மாநிலத்தின் வரைபட வடிவத்திலேயே ஒரு குளம் கட்டினார்கள். (அந்தப் படத்தில் நீர்ச்சறுக்கு செய்தபோது அவர் கர்ப்பமாக இருந்தார்.)

1960 நிகழ்ச்சியைப் பெருங்கூட்டம் பார்த்தது. ஆனால் அதில் லாபம் யாருக்கு என்று கேட்டால் பதில் வேறு மாதிரி வருகிறது. மறுநாள் காலையில் என்பிசிக்கு அடுத்த நிகழ்ச்சி. போப்புக்கு அந்தக் கோடையின் சுற்றுலாப் பயணிகள். எஸ்தருக்கு ஊதியம் வந்திருக்கும், அதோடு சரி. எம்ஜிஎம்மில் தொட்டி அவருக்காக இருந்தது. இங்கே அவர் தொட்டிக்கு விருந்தாளி.

முகமூடி போட்டவர்கள்

இதே ஆண்டுகளில் தொலைக்காட்சி தண்ணீரை எப்படி லாபமாகப் பயன்படுத்தியது என்பதற்கு 'சீ ஹண்ட்' நல்ல எதிர் உதாரணம். 1958 முதல் 1961 வரை 155 அரைமணி நேரக் கதைகள். லாயிட் பிரிட்ஜஸ் நாயகன், முன்னாள் கடற்படை முக்குளிப்பவராக வருவார். தொட்டி கட்டவில்லை. கலிஃபோர்னியாக் கடலோரம், ஃபுளோரிடாவின் சில்வர் ஸ்பிரிங்ஸ் ஊற்று என்று கிடைத்த நீரில் எடுத்தார்கள். நீருக்குள் வசனம் கிடையாது, நாயகனின் குரலைப் பின்னால் சேர்த்துக்கொண்டார்கள். எல்லாவற்றையும்விட முக்கியமானது, முக்குளிப்பவர் முகத்தில் மாஸ்க் இருக்கும், வாயில் குழாய் இருக்கும். உள்ளே யார் என்று தெரியாது. டூப்பை அனுப்பிவிட்டு நட்சத்திரத்தைக் கரையில் வேறு காட்சிக்கு நிறுத்தலாம்.

எஸ்தரின் மொத்த மதிப்பும் மாஸ்க் இல்லாத முகத்தில் இருந்தது. அவருக்கும் சில சாகசங்களுக்கு டூப் உண்டு. 'ஈஸி டு லவ்' ஹெலிகாப்டர் குதிப்பை வேறொரு டைவிங் வீராங்கனைதான் செய்தார். ஆனால் நீருக்குள் சிரிப்பதற்கு டூப் போட முடியாது. தொலைக்காட்சிக்குத் தேவைப்பட்டது விலை குறைந்த தண்ணீரும் மாற்றக்கூடிய ஆட்களும். அவர் இரண்டுக்கும் நேர் எதிர்.

ஃபுளோரிடாவின் வீக்கி வாச்சி ஊற்று இன்னொரு பாடம் வைத்திருக்கிறது. கடற்படையில் நீச்சல் பயிற்சி கொடுத்த நியூட்டன் பெர்ரி 1947இல் அங்கே நீர்மட்டத்துக்குக் கீழே ஓர் அரங்கம் அமைத்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பெண்கள் ரப்பர் குழாயில் மூச்சிழுத்தபடி கடற்கன்னிகளாக ஆடுவார்கள், நீருக்குள்ளேயே வாழைப்பழம் சாப்பிட்டு, பாட்டிலில் பானமும் குடித்துக் காட்டுவார்கள். நீர் ஆண்டு முழுக்கச் சுமார் 23 டிகிரி. காய்ச்சவும் வேண்டாம், நிரப்பவும் வேண்டாம். 1959இல் அந்த இடத்தை வாங்கியது யார் தெரியுமா? ஏபிசி தொலைக்காட்சி நிறுவனம். காட்சியைத் தயாரிப்பதைவிட ஊற்றை வாங்குவது லாபம் என்று ஒரு அலைவரிசையே முடிவெடுத்ததாகத்தான் இதைப் படிக்கிறேன். 2008 முதல் அது மாநிலப் பூங்கா, கடற்கன்னிகள் இன்றும் ஆடுகிறார்கள். தலைமுறை தலைமுறையாக ஆட்கள் மாறிவிட்டார்கள், காட்சி மாறவில்லை. அவர்களில் யாரும் எஸ்தர் அளவுக்குப் பெயர் எடுக்கவில்லை, எடுக்க அந்த அமைப்பு விடவும் விடாது.

பிற்பாடு

முந்தைய கணவர் பென் கேஜ் வைத்துவிட்டுப் போன வரிக்கடனை அடைக்க வேண்டியிருந்தது. 1969இல் நடிகர் ஃபெர்னாண்டோ லாமாஸை மணந்தார், 1982இல் அவர் இறக்கும்வரை பொது மேடையிலிருந்து ஏறக்குறைய ஒதுங்கியே இருந்தார். 1966இல் சர்வதேச நீச்சல் புகழ் மன்றம் அவரைச் சேர்த்துக்கொண்டது. 1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் ஒருங்கிசைவு நீச்சல் (இன்றைய கலைநீச்சல்) முதன்முறையாகப் பதக்கப் போட்டியானபோது தொலைக்காட்சி அவரைத் திரும்பக் கூப்பிட்டது, இம்முறை வர்ணனையாளராக. தொலைக்காட்சியோடு அவருக்கு இருந்த உறவில் மிகப் பொருத்தமானது இதுதான் என்பேன். குளத்தின் செலவு ஒலிம்பிக் குழுவுடையது, நனைந்தவர்கள் அமெரிக்க ஜோடியான ட்ரேசி ரூயிஸும் கேண்டி காஸ்டியும், தங்கமும் அவர்களுக்கே. எஸ்தர் உலர்ந்த நாற்காலியில் உட்கார்ந்து, நீருக்குள் நடப்பதை மற்றவர்களுக்கு விளங்க வைத்தார்.

1988இல் தன் பெயரில் நீச்சலுடை வரிசை தொடங்கினார். கட்டுடலோடு பிறக்காத, நடுவயதைத் தாண்டிய பெண்களை மனதில் வைத்துத் தைத்த உடைகள், நன்றாகவே போயின. வீட்டுப் பின்முற்றத்தில் வைக்கும் குளங்களும் எஸ்தர் வில்லியம்ஸ் என்ற பெயரில் விற்றன. 2013 ஜூன் 6 அன்று 91 வயதில் அவர் இறந்த பிறகும் அந்தப் பெயர் சந்தையில் இருந்தது. குளம், தண்ணீர், பராமரிப்பு எல்லாம் வாங்குபவர் செலவு.